கெட் என்னும் சீட்டு

யூதர்களின் மணமுறிவுப் பத்திரத்துக்குக் 'கெட்' என்று பெயர். தமிழில் எழுதும்போது 'கெட்ட' என்பதன் வாடை வந்து ஒட்டிக்கொள்கிறது. ஒலி ஒற்றுமை தவிர இரண்டுக்கும் உறவு கிடையாது. இன்று இச்சொல்லைக் கேட்கும் யூதர் எவருக்கும் மணமுறிவுதான் நினைவுக்கு வரும். ஆனால் சொல்லின் வேரில் மணமும் இல்லை, முறிவும் இல்லை. சுமேரிய மொழியில் 'கித்' என்றால் நீளம். நீளவாக்கில் செய்த களிமண் பலகைக்கு அதிலிருந்து பெயர் வந்தது. அக்காடியர் அதைக் 'கிட்டு' என்று வாங்கிக்கொண்டு, பத்திரம், ரசீது என்ற பொருளில் வழங்கினார்கள். அரமேயர் வழியாக அது எபிரேயத்துக்கு வந்து சேர்ந்தது. பாபிலோனியாவில் கொடுக்கல் வாங்கல் செய்தவர்களின் சொல் ஒன்று, யூதக் குடும்பத்தின் மிகக் கசப்பான நேரத்துக்கு உரியதாகக் குறுகிவிட்டது. குறுகினாலும் பழைய பொருள் செத்துவிடவில்லை. யூதச் சட்டத்தில் மணமுறிவு எப்படி நடக்கிறது, எங்கே சிக்கிக்கொள்கிறது என்பதை அந்தப் பழைய பொருளைக் கொண்டுதான் சரியாக விளங்கிக்கொள்ள முடியும் என்பது என் வாதம்.

திருமறையில் இச்சொல் இல்லை. உபாகமம் 24ஆம் அதிகாரம் 'செஃபர் கெரித்தூத்' என்கிறது. வெட்டி விலக்கும் ஏடு என்று பொருள். அதைக் கணவன் எழுதி, மனைவி கையில் கொடுத்து, வீட்டைவிட்டு அனுப்புவதாக அங்கே வருகிறது. தமிழ் விவிலியத்தில் இது 'தள்ளுதற்சீட்டு'. கடன்சீட்டு, ஏலச்சீட்டு, மருந்துச்சீட்டு என்று எதற்கும் முன்னொட்டுச் சேர்த்துக்கொள்ளும் நம் 'சீட்டு'ப் போலத்தான் கெட் என்ற சொல்லும் முதலில் இருந்தது. கி.பி. 200 வாக்கில் தொகுக்கப்பட்ட யூதச் சட்டநூலான மிஷ்னாவில் இதைக் காணலாம். அதன் பாவா பத்ரா என்ற பகுதி, எல்லாவகைப் பத்திரங்களையும் 'சாதா கெட்', 'கட்டிய கெட்' என்று இரண்டாகப் பிரிக்கிறது. இரண்டாவது, மடித்து மடித்துத் தைத்து, பின்புறம் சாட்சிகள் கையெழுத்திட்டது. அடிமையை விடுவிக்கும் பத்திரமும் கெட்தான். மணமுறிவைப் பேசும் கித்தின் என்ற பகுதி (கெட் என்பதன் பன்மையே அதன் பெயர்) பெண்ணின் பத்திரத்தையும் அடிமையின் விடுதலைப் பத்திரத்தையும் தொடக்கத்திலேயே பக்கத்தில் பக்கத்தில் வைத்து ஒப்பிடுகிறது. சாக்கடலை ஒட்டிய முரப்பாத் குகைகளில், மசாதாக் கோட்டையில் எழுதப்பட்ட அரமேய மணமுறிவு ஏடு ஒன்று கிடைத்தது. அதன் காலம் கி.பி. 71 வாக்கில் என்று ஒரு சாராரும், 111 என்று இன்னொரு சாராரும் கணிக்கிறார்கள். அதில் 'கெட்' தனியாக நிற்கவில்லை. 'விடுவித்தலின் கெட்' என்று அடைமொழியோடு வருகிறது. நம் பத்திரப்பதிவு அலுவலக வழக்கில் சொன்னால் விடுதலைப் பத்திரம். அடைமொழி தேவைப்பட்டது என்பதே, அன்று கெட் என்றால் வெறும் பத்திரம்தான் என்பதற்குச் சான்று.

பிற்காலத்தார் இந்த வணிக வேரை மறந்து வேறு காரணங்கள் தேடினார்கள். கெட் என்று எழுதப் பயன்படும் கிமெல், தெத் என்ற இரண்டு எபிரேய எழுத்துகளும் வேதத்தின் எந்தச் சொல்லிலும் அடுத்தடுத்து நிற்பதில்லை, பிரிந்தே இருப்பவை என்பதால் பிரிவுக்குப் பெயராயின என்றார்கள். எழுத்தெண் கணக்கில் மூன்றும் ஒன்பதும் பன்னிரண்டு, ஆகவே கெட் பன்னிரண்டு வரியில் எழுதப்படுகிறது என்றார்கள். அழகான கற்பனைகள்தாம். ஆனால் பத்திரம் எழுதும் முறையைப் பார்த்தால் வணிக வேரே தெரிகிறது. கணவன் கேட்டுக்கொண்டாலொழிய எழுத்தர் எழுதக்கூடாது. தாளும் மையும்கூட முதலில் கணவனுக்கு உரிமையாக்கப்படுகின்றன. இன்ன ஆணுக்காக, இன்ன பெண்ணுக்காக என்ற நினைப்போடே எழுதவேண்டும். பயிற்சிக்காக எழுதிவைத்த ஏட்டில் பெயர் பொருந்தினாலும் செல்லாது. ஊர்ப்பெயரோடு அதன் ஆற்றையும் சொல்லி, இருவரின் பட்டப்பெயர்களையும் சேர்ப்பது, எல்லை குறிக்கும் நிலப்பத்திரத்தின் கவனம். ஒலிவ இலையில் எழுதலாம். மாட்டுக் கொம்பில் எழுதினால் மாட்டையே அவளிடம் கொடுத்துவிடவேண்டும் என்றுகூட மிஷ்னா பேசுகிறது. உயிருள்ளதிலும் உணவிலும் கூடாது என்று யோசே என்ற கலிலேயர் மறுக்கிறார். கடைசியில் கணவன் அந்த மடித்த தாளை மனைவியின் ஏந்திய கைகளில் போடுகிறான். அவள் அதை வைத்துக்கொண்டு சில அடி நடக்கிறாள். அதோடு மணம் முடிந்தது. யூதச் சமய அறிஞர்களான ரபிகளின் நீதிமன்றம் அருகில் இருக்கிறது, பார்க்கிறது, பிழை தேடுகிறது. மணமுறிவை அது வழங்குவதில்லை.

மணத்துக்கு எபிரேயத்தில் 'கிதுஷின்', அதாவது புனிதமாக்கல் என்று பெயர் இருக்க, அதன் முடிவை ரசீதுக் கணக்காகப் பார்ப்பது கொச்சையில்லையா என்று கேட்கலாம். புனிதத்தை நான் மறுக்கவில்லை. ஆனால் கிதுஷின் என்ற மிஷ்னாப் பகுதியின் முதல் வரியே, பெண்ணை மூன்று வழிகளில் 'கொள்ளலாம்' என்கிறது: பணம், பத்திரம், உடலுறவு. அவள் தன்னைத் 'தானே கொள்ள' வழி இரண்டு: கெட், அல்லது கணவனின் சாவு. புனிதமும் கொள்முதல் மொழியும் அங்கே ஒரே இடத்தில் இருக்கின்றன. ஒன்றை மறைத்து இன்னொன்றை மட்டும் காட்டினால் சட்டம் புரியாது. வேறு வழியே இருந்ததில்லை என்றும் சொல்லமுடியாது. கி.மு. ஐந்தாம் நூற்றாண்டில் எகிப்தின் எலிஃபண்டைன் தீவில் வாழ்ந்த யூதர்களின் மண ஒப்பந்தங்களில், கணவனோ மனைவியோ சபையில் எழுந்து 'வெறுக்கிறேன்' என்று சொல்லி, அதற்குரிய வெள்ளியைச் செலுத்தி விலகமுடிந்தது. ரபிகளின் சட்டம் வாய்ச்சொல்லை விட்டு எழுதிய தாளைத் தேர்ந்துகொண்டது. வாய்ச்சொல் காற்றோடு போகும், தாள் நிற்கும் என்பது பெண்ணுக்குப் பெரிய பாதுகாப்பு. மறுமணத்துக்கு அவள் காட்டக்கூடிய சான்று அது. அந்தப் பாதுகாப்புக்கு ஒரு விலையும் இருந்தது: பத்திரம் என்றால் அதைக் கொடுக்க ஒருவன் வேண்டும்.

இதற்கு வலுவான மறுப்பு ஒன்று உண்டு. நீதிமன்றம் கணவனை வற்புறுத்தலாமே. அப்படியானால் விலக்குவது நீதிமன்றம்தானே? வற்புறுத்தலாம் என்பது உண்மை. 'விரும்புகிறேன் என்று சொல்லும்வரை' கட்டாயப்படுத்தலாம் என்று மிஷ்னாவே சொல்கிறது. ஆனால் அந்தச் சொற்களைக் கவனியுங்கள். அடித்தாலும் அவன் வாயிலிருந்து விருப்பம் வரவேண்டும். 12ஆம் நூற்றாண்டில் யூதச் சட்ட அறிஞர் மைமோனிடஸ் இதற்கு நியாயம் தேடினார்: நல்ல யூதனாக நடக்கவே அவன் உள்ளூர விரும்புகிறான், தீய எண்ணம்தான் தடுக்கிறது, அடி அந்தத் தடையை அகற்றுகிறது என்றார். தீர்ப்பே போதுமென்றால் இவ்வளவு சுற்றிவளைப்பு எதற்கு? ஆயிரமாண்டுக்கு முன் மைன்ஸ் நகரத்து ரபி கெர்ஷோம், மனைவி சம்மதமின்றி அவளைத் தள்ளக்கூடாது என்று தடை கொண்டுவந்தார். பெண் கைக்கும் ஒரு மறுப்புரிமை வந்தது. ஆனால் கொடுப்பவன் இன்னும் கணவன்தான். அவன் மறுத்தாலோ காணாமல் போனாலோ அவள் 'அகுனா', கட்டிப்போடப்பட்டவள். வேறொருவனுக்குப் பிள்ளை பெற்றால் அந்தப் பிள்ளைக்கும் மணத்தடை உண்டு. மணத்தையே செல்லாததாக்கும் அதிகாரம் ரபிகளுக்கு உண்டு என்று, மிஷ்னாவை விரித்துரைக்கும் தல்முத் சில இடங்களில் சொன்னாலும், பிற்காலத்து நீதிமன்றங்கள் அதைத் தொடப் பெரும்பாலும் தயங்கின.

நவீன அரசுகளின் சட்டங்களும் இந்தத் தாளைச் சுற்றியே நடக்கின்றன. இஸ்ரேலில் யூதர்களின் மணமும் முறிவும் 1953 சட்டப்படி ரபி நீதிமன்றங்களின் கையில் உள்ளன. கொடுக்க மறுப்பவனின் ஓட்டுநர் உரிமத்தையும் கடவுச்சீட்டையும் முடக்க 1995 சட்டம் இடம் தருகிறது, சிறையிலும் போடலாம். ஆனால் அவனுக்குப் பதிலாக நீதிபதி எழுதிக் கொடுக்க முடியாது. நியூயார்க் 1983இல் வேறு வழி பார்த்தது: குடிமைநீதிமன்றத்தில் மணமுறிவு கேட்பவர், துணையின் மறுமணத்துக்குத் தன் பக்கம் இருக்கும் மதத் தடைகளை நீக்கவேண்டும். அமெரிக்க மரபுவழி ரபிகள் பரப்பிவரும் மண முன்னொப்பந்தத்தில், தம்பதியர் பிரிந்தபின் கெட் கைமாறும்வரை நாளொன்றுக்கு 150 டாலர் வீதம் பராமரிப்புத் தொகை தருவதாகக் கணவன் முன்கூட்டியே கையெழுத்திடுகிறான். மணமுறிவுப் பத்திரத்தை வரவழைப்பதற்கு அவர்கள் கண்ட வழி, பழைய பொருளில் இன்னொரு கெட்.