சீனிக் குளிசைக்கு எத்தனை பெயர்?

எங்களில் ஒருவரின் அம்மம்மா போன வருசம் ஒரு விடியப்புறம் கட்டிலை விட்டு எழும்பவில்லை. உடம்பெல்லாம் வேர்த்து நனைந்திருந்தது. கூப்பிட்டால் கண்ணைத் திறக்கிறார், ஆனால் ஆளை மட்டுக்கட்டத் தெரியவில்லை. ஆஸ்பத்திரியில் விரலில் குத்திப் பார்த்தபோதுதான் இரத்தத்தில் குளுக்கோஸ் ஆபத்தான அளவுக்கு இறங்கியிருந்தது தெரிந்தது. இரண்டு நாள் சேலைன் ஏற்றி வைத்திருந்தார்கள்.

காரணம் பிறகுதான் பிடிபட்டது. கிளினிக்கில் கொடுத்த பேப்பர்ப் பையில் ஒரு பெயர் எழுதியிருந்தது. மாமா கொழும்பில் வாங்கி அனுப்பிய பெட்டியில் வேறொரு பெயர். "ரெண்டு பேர் எண்டால் ரெண்டு மருந்துதானே" என்று அம்மம்மா இரண்டையும் நேரம் தவறாமல் போட்டிருக்கிறார். இரண்டும் ஒரே மருந்து, கிளிபென்கிளமைட். ஒன்றில் மருந்தின் பெயர், மற்றதில் கொம்பனி வைத்த பெயர்.

அம்மம்மா தப்பிவிட்டார். நாங்கள்தான் அந்தப் பெயர்களை விடமுடியாமல் இவ்வளவு நாளும் தோண்டிக்கொண்டிருந்தோம். ஊரில் கனபேர் "சீனிக் குளிசை" என்று ஒரே சொல்லில் முடித்துவிடும் இந்த மருந்துகள் எங்கிருந்து வந்தன? யார் இவற்றுக்குப் பெயர் வைத்தார்கள்? அந்தக் கதை நாங்கள் நினைத்ததைவிட விசித்திரமாக இருந்தது.

பறவை எச்சத்தில் இருந்து ஒரு பெயர்

1922இல் கனடாவின் ரொறன்ரோவில் இன்சுலின் முதன்முதலாக ஒரு நோயாளிக்கு ஏற்றப்பட்டது. அதுவரை சாவுத் தீர்ப்பாக இருந்த வருத்தம் அன்றிலிருந்து வாழக்கூடிய வருத்தமானது. ஆனால் இன்சுலின் ஒரு புரதம். விழுங்கினால் இறைச்சியும் பருப்பும் சமிப்பது போல அதுவும் சமித்துப்போகும். அதனால் ஊசிதான் வழி. ஊசி வேண்டாம், குளிசை வேண்டும் என்ற ஆசை அந்தப் பத்தாண்டிலேயே தொடங்கிவிட்டது.

அதற்கு முன்னரே ஒரு துப்புக் கிடைத்திருந்தது. 1918இல் வட்டனபே என்ற ஆய்வாளர் குவானிடீன் என்ற பொருள் முயல்களின் இரத்தக் குளுக்கோஸைக் குறைப்பதைக் கண்டிருந்தார். அந்தப் பெயரின் பூர்வீகம் சுவையானது. தென்னமெரிக்காவின் கெச்சுவா மொழியில் பறவை எச்ச உரத்துக்கு வழங்கிய சொல் ஸ்பானிய மொழிக்குள் போய் 'குவானோ' ஆனது. அந்த எச்சத்தில் இருந்து பிரித்த பொருள் குவானீன், அதில் இருந்து பெற்றது குவானிடீன். இன்றைக்கு எங்கட வீடுகளில் இருக்கும் மெட்ஃபோமின் 'பைகுவானைட்' வகை. இரண்டு குவானிடீன் சேர்ந்தது என்று பொருள். காலையில் விழுங்கும் குளிசையின் குடும்பப் பெயருக்குள் பெரு நாட்டுக் கடற்கரைப் பறவைகள் இருக்கின்றன!

ஐரோப்பாவில் கலேகா என்றொரு செடியை நாட்டு வைத்தியத்தில் நீண்டகாலம் பயன்படுத்தி வந்தார்கள். அதிலும் குவானிடீன் சார்ந்த கலெஜீன் என்ற பொருள் இருந்தது. எங்கட பக்கம் குறிஞ்சா இலையைச் சலரோகக்காரருக்கு வறுத்துக் கொடுப்பதை நினைத்துக்கொள்ளுங்கள். ஆனால் செடியில் இருந்து குளிசைக்கு நேர்க்கோடு கிடையாது. கலேகாவை மேய்ந்து ஆடுகள் செத்ததும் உண்டு.

1926இல், அன்று ஜேர்மனியிலும் இன்று போலந்திலும் இருக்கும் பிரெஸ்லாவ் நகரில், பிராங்க் என்ற மருத்துவரும் அவருடைய சகாக்களும் 'சிந்தாலின்' என்ற மருந்தைக் கொண்டுவந்தார்கள். குவானிடீன் வழிவந்த அதன் பெயரைக் கேட்டாலே 'செயற்கை இன்சுலின்' என்று காதில் விழும். முதல் அடி அங்கேதான். அது இன்சுலின் இல்லை. குளுக்கோஸைக் குறைத்தது உண்மை, ஆனால் ஈரலையும் சேர்த்துக் கெடுத்தது. சில வருடங்களில் வைத்தியர்கள் அதைக் கைவிடத் தொடங்கினார்கள்.

இதற்குள் இன்னொன்று நடந்திருந்தது. 1922இல், இன்சுலின் வந்த அதே வருடம், டப்ளினில் வேர்னர், பெல் என்ற இரு வேதியியலாளர்கள் மெட்ஃபோமினைத் தயாரித்திருந்தார்கள். 1929இல் அது முயல்களில் குளுக்கோஸைக் குறைப்பதும் தெரியவந்தது. ஆனால் சிந்தாலினின் கெட்ட பெயர் ஒரு பக்கம், இன்சுலினின் புகழ் மறுபக்கம். மெட்ஃபோமின் கிட்டத்தட்ட 30 வருடம் மறக்கப்பட்டுக் கிடந்தது.

நெருப்புக்காய்ச்சலுக்குக் கொடுத்த மருந்து

அடுத்த குளிசைக் குடும்பம் யுத்தத்துக்குள் பிறந்தது. 1942, பிரான்சின் மொன்பெலியே. நெருப்புக்காய்ச்சல் நோயாளிகளுக்கு மார்செல் ஜோன்போன் என்ற வைத்தியர் ஒரு புதிய சல்பா மருந்தைக் கொடுத்துப் பார்த்தார். அதற்குப் பெயர்கூட இல்லை, 2254 ஆர்பி என்ற இலக்கம் மட்டும்தான். பற்றீரியாவைக் கொல்லும் என்று கொடுத்த மருந்து நோயாளிகளின் குளுக்கோஸைக் கீழே தள்ளியது. வலிப்பு வந்தது, மயங்கினார்கள், சிலர் இறந்தும் போனார்கள்.

ஜோன்போன் இதை அதே நகரில் இருந்த ஒகுஸ்த் லுபாத்தியேர் என்ற உடற்றொழிலியலாளரிடம் சொன்னார். லுபாத்தியேர் நாய்களில் பரிசோதித்தார். சதையி உள்ள நாய்க்கு மருந்தைக் கொடுத்தால் குளுக்கோஸ் இறங்கியது. சதையியை முற்றாக அகற்றிய நாய்க்குக் கொடுத்தால் ஒன்றும் நடக்கவில்லை. அப்படியென்றால் இந்த மருந்து தானாகக் குளுக்கோஸைக் குறைப்பதில்லை. சதையியைத் தட்டி எழுப்பி இன்சுலினை விடவைக்கிறது. இன்சுலின் சுரக்கும் கலங்கள் அழிந்துபோனவர்களுக்கு இது உதவாது என்பதும், மிச்சம் இருப்பவர்களுக்கே உதவும் என்பதும் இதில் இருந்தே வருகிறது.

யுத்தம் முடிந்தும் யாரும் பெரிதாகக் கவனிக்கவில்லை. 1950களின் நடுவில் பேர்லினில் அதே கதை திரும்ப நடந்தது. தொற்றுக்காகக் கொடுத்த இன்னொரு சல்பா மருந்து நோயாளிகளுக்கு நடுக்கத்தையும் வேர்வையையும் குழப்பத்தையும் கொடுத்தது. ஃபூக்ஸ் என்ற வைத்தியர் அதைத் தானே விழுங்கிப் பார்த்தார். அவருக்கும் அப்படியே. குளுக்கோஸ் இறங்கியிருந்தது. ஹான்ஸ் பிராங்கேயும் அவரும் 1955இல் அதை வெளியிட்டார்கள். அந்த மருந்துதான் கார்பியூட்டமைட்.

பிறகு வேதியியலாளர்கள் அதன் மூலக்கூறில் ஒரு மூலையை மட்டும் மாற்றினார்கள். அமினோக் கூட்டத்தை எடுத்துவிட்டு மெதைல் கூட்டத்தை வைத்தார்கள். பற்றீரியாவைக் கொல்லும் குணம் போய்விட்டது, குளுக்கோஸைக் குறைக்கும் குணம் நின்றது. அது டொல்பியூட்டமைட். 1956இல் ஜேர்மனியில் 'ரஸ்டினோன்' என்றும், அடுத்த வருடம் அமெரிக்காவில் 'ஒரினேஸ்' என்றும் விற்பனைக்கு வந்தது. இந்தக் குடும்பம் முழுவதற்கும் சல்போனிலூரியா என்று பெயர். 1960களின் முடிவில் கிளிபென்கிளமைட் வந்தது. டொல்பியூட்டமைட்டைக் கிராம் கணக்கில் விழுங்கவேண்டும், கிளிபென்கிளமைட் ஐந்து மில்லிகிராம் குளிசையாகவே வேலை செய்தது. ஒரே மருந்து 'டயோனில்' என்றும் 'யூகுளுக்கோன்' என்றும் விற்கப்பட்டது. அமெரிக்காவிலோ மருந்தின் பொதுப்பெயரே வேறு, 'கிளைபியூரைட்'. எண்ணிப் பாருங்கோ, ஒரு மருந்துக்கு நான்கு பெயர்.

குறைப்பதும் ஏறவிடாமல் தடுப்பதும்

1957இல் மெட்ஃபோமின் திரும்பி வந்தது. பரிசில் ஜோன் ஸ்தேர்ன் அதை நீரிழிவு நோயாளிகளுக்குக் கொடுத்து வெளியிட்டார். அவர் வைத்த பெயர் 'குளுக்கோஃபாஜ்', குளுக்கோஸ் தின்னி. அழகான பெயர், ஆனால் மெட்ஃபோமின் எதையும் தின்பதில்லை. ஈரல் புதிதாகக் குளுக்கோஸ் செய்வதைக் குறைப்பதே அதன் முக்கிய வேலை.

வைத்தியர்கள் இவை எல்லாவற்றையும் 'ஹைப்போகிளைசீமிக்' குளிசைகள், அதாவது குளுக்கோஸைக் குறைப்பவை, என்று ஒரே கூடைக்குள் போட்டார்கள். சல்போனிலூரியாவுக்கு அந்தப் பெயர் பொருந்தும். சாப்பிடாமல் போட்டால் அது சாதாரண அளவுக்கும் கீழே தள்ளிவிடும். மெட்ஃபோமின் தனியே எடுத்தால் பெரும்பாலும் அப்படிச் செய்யாது. அது கூடின குளுக்கோஸுக்கு எதிரான மருந்து. அதனால்தான் பின்னாளில் 'எதிர்' என்று தொடங்கும் வேறு சொல்லை அதற்குப் பாவிக்கத் தொடங்கினார்கள். வெறும் சொல் விளையாட்டு என்று தோன்றலாம். விரதம் பிடிக்கிற அம்மம்மாவுக்கு அது உயிர்ப் பிரச்சினை.

மெட்ஃபோமினின் சகோதரி பென்ஃபோமின் இன்னும் பலமானது, அமெரிக்காவில் பெரிதாக விற்றது. ஆனால் இரத்தத்தில் லக்ரிக் அமிலம் கூடி மக்கள் இறந்தார்கள். 1977இல் அமெரிக்க அரசு அதை உடனடி ஆபத்து என்று அறிவித்துச் சந்தையில் இருந்து அகற்றியது. குடும்பப் பெயர் ஒன்றென்பதால் மெட்ஃபோமினிலும் சந்தேகம் விழுந்தது. அமெரிக்கா அதை அனுமதித்தது 1994 முடிவில்தான்.

டொல்பியூட்டமைட்டுக்கும் வழக்கு வந்தது. 1961இல் அமெரிக்காவில் தொடங்கிய ஒரு பெரிய பல்கலைக்கழக ஆய்வு, அதை எடுத்தவர்களில் இருதய நோயால் இறந்தவர்கள் கூட என்று 1970இல் சொன்னது. பல நோயாளிகளுக்கு அந்தச் செய்தி வைத்தியர் வாயால் வரவில்லை, பத்திரிகை வழியாக வந்தது. ஆய்வு பிழை என்று வைத்தியர்கள் ஒரு அணியாகச் சேர்ந்து நீதிமன்றம் வரை போனார்கள். பெட்டியில் எச்சரிக்கை ஒன்று அச்சாக 1984 ஆகிவிட்டது. பதினான்கு வருடம்!

நோய்க்கும் பெயர் மாறியது

குளிசை சிலருக்குத்தான் வேலை செய்தது என்பதால் 'நீரிழிவு ஒன்றா, இரண்டா' என்ற கேள்வியும் கூர்மையானது. 1936இலேயே ஹிம்ஸ்வேர்த் என்ற ஆங்கிலேய வைத்தியர் இன்சுலினுக்கு இணங்குபவர்கள், இணங்காதவர்கள் என்று இரண்டாகப் பிரித்திருந்தார். பிறகு இளவயதில் வருவது, முதிர்ந்த வயதில் வருவது என்று சொன்னார்கள். 1979இல் 'இன்சுலினில் தங்கியது', 'தங்காதது' என்றார்கள். அது நோயாளியை நோயால் அழைக்காமல் மருந்தால் அழைக்கும் பெயர். குளிசை போதாமல் ஊசிக்குப் போன ஒருவர் எந்தப் பெட்டிக்குள்? அந்தக் குழப்பத்தால் 1997இல் டைப் 1, டைப் 2 என்ற பெயர்களே நிலைத்தன. அதுவரை உரோமன் இலக்கத்தில் எழுதிய இரண்டைச் சனங்கள் பதினொன்று என்று வாசிக்கலாம் என்பதற்காக இலக்கத்தையும் மாற்றினார்கள்.

எங்கட நாட்டில்

பெயர் என்பது அரசியலும்தான் என்பதை இலங்கை நேரத்தோடே கண்டுகொண்டது. 1971இல் பேராசிரியர் சேனக பிபிலேயும் எஸ். ஏ. விக்கிரமசிங்கவும் கொடுத்த அறிக்கைக்குப் பின் அரச மருந்தாக்கற் கூட்டுத்தாபனம் உருவானது. கொம்பனிப் பெயருக்குப் பதிலாகப் பொதுப்பெயரில் மருந்தை வாங்கி எழுதுவது அதன் அடிப்படை. ஒரே மருந்துக்குப் பத்துப் பெயரும் பத்து விலையும் ஏன் என்பது பிபிலேயின் கேள்வி. கிளினிக் பையில் பொதுப்பெயர் இருப்பதற்கு அந்தக் கேள்வியும் ஒரு காரணம்.

அந்தப் பையில் இருந்தது சரியான பெயர்தான், ஆனால் அது இங்கிலிஷில் கிறுக்கலாக இருந்தது. அம்மம்மா வாசித்தது தமிழ் மட்டும். பொதுப்பெயர் என்பது பொதுமக்கள் வாசிக்கக்கூடியதாக இருந்தால்தானே பொதுப்பெயர்? உலக சுகாதார நிறுவனம் 2013இல் தன் அத்தியாவசிய மருந்துப் பட்டியலில் கிளிக்ளசைட்டைச் சேர்த்து, 60 வயதுக்கு மேல் கிளிபென்கிளமைட் பொருத்தமில்லை என்று குறிப்பு எழுதியது. அந்தக் குறிப்பும் அம்மம்மாவின் வீட்டுக்கு வந்து சேரவில்லை.

நாங்கள் வைத்தியர்கள் இல்லை. இதை வாசித்துவிட்டு யாரும் குளிசையை நிறுத்தவேண்டாம், மாற்றவும் வேண்டாம். ஒன்று மட்டும் செய்யலாம். இந்தக் கிழமை வீட்டில் சீனி வருத்தத்துக்குக் குளிசை போடுகிறவரின் பக்கத்தில் இருந்து, எல்லாப் பெட்டிகளையும் மேசையில் கொட்டுங்கோ. பெரிய எழுத்துப் பெயரை விட்டுவிட்டு, அதற்குக் கீழே உள்ள சின்ன எழுத்தைத் தேடுங்கோ. ஒரே பெயர் இரண்டு இடத்தில் இருந்தால் அடுத்த கிளினிக் வரை காத்திராமல் உடனே போய்க் கேளுங்கோ. அந்தப் பெயரைத் தமிழில் ஒரு மட்டையில் எழுதிப் பெட்டியில் ஒட்டிவிடுங்கோ.

அம்மம்மாவின் பெட்டியில் இப்போது பேத்தியின் கையெழுத்தில் அப்படி ஒரு மட்டை இருக்கிறது. "உதை முதலே எழுதியிருக்கலாமே" என்று கேட்டார். எங்களிடம் பதில் இருக்கவில்லை.