இருபத்தொரு வயதில் ஒரு முதியவர்

அருப்புக்கோட்டையும் திருச்சுழியும் வானம் பார்த்த பூமி. நல்ல மழை பெய்த ஆண்டில் பருத்தியும் மிளகாயும் வீடு வந்து சேரும். பொய்த்த ஆண்டில் பிள்ளைகள் பிழைப்புத் தேடி ஊரைவிட்டுப் போவர். இவ்வட்டாரத்தின் விளைபொருள்கள் விலைபோகும் பெருஞ்சந்தை விருதுநகர். அவ்வூரில் 1926ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் பிறந்து, ஊர்ப்பெயரைத் தம் பெயரின் முதலெழுத்தாகச் சுமந்தபடி நாடகத்துக்குப் போன ஒரு சிறுவரின் வரலாறே இங்கு நாம் கூறவந்தது. அவர்தாம் வி. கே. ராமசாமி.

அக்காலத்துச் சிறுவர் நாடக சபைகள் பள்ளியும் விடுதியும் பட்டறையும் ஒன்றாய் அமைந்தவை. அரசனும் அரசியும் கிழவனும் கிழவியும் ஆகிய எல்லா வேடங்களையும் சிறுவர்களே ஏற்றனர். ஒலிபெருக்கியின் துணையின்றிக் கடைசி வரிசைவரை குரல் எட்ட வேண்டும். எந்த வேடத்தை எப்போது தந்தாலும் மறுநாள் மேடையேற வேண்டும். பின்னாளில் திரையுலகம் குணச்சித்திர நடிகர் என்று போற்றியவர்களுள் பலர் இப்பயிற்சியில் உருவானவர்களே.

ப. நீலகண்டன் எழுதிய நாடகம் ஒன்றை ஏவி. மெய்யப்பன் ‘நாம் இருவர்’ என்னும் திரைப்படமாக எடுத்தார். 1947 பொங்கலையொட்டி அது வெளிவந்தது. அதில் சண்முகம் பிள்ளை என்னும் அறுபது வயது முதியவராகத் தோன்றிய ராமசாமிக்கு அப்போது வயது 21! நரைத்த தலையை ஒப்பனைக்காரர் தந்துவிடலாம். தளர்ந்த நடையையும், சொல்லின் கடைசி எழுத்தை இழுத்து நிறுத்தும் பேச்சையும் நடிகரே தேடிக்கொள்ள வேண்டும். அவற்றை அவர் தேடிக்கொண்டார். அன்றுமுதல் தந்தை, மாமனார், முதலாளி, ஊர்ப் பெரியவர் என்று முதுமையே அவர் தொழிலாயிற்று.

அமெரிக்கத் திரையுலகிலும் இத்தகைய ஒருவர் இருந்தார். 1894இல் பிறந்த வால்ட்டர் பிரென்னன் நாற்பதுகளிலேயே முதியவர் வேடங்களில் புகழ் பெற்றார். ஆஸ்கார் விருதில் துணை நடிகருக்கென ஒரு பிரிவு 1936ஆம் ஆண்டுப் படங்களிலிருந்து ஏற்பட்டபோது, அதன் முதல் விருது அவருக்கே கிடைத்தது. 1938, 1940 ஆண்டுப் படங்களுக்கும் அவரே பெற்றார். நம் நாட்டிலோ, துணை நடிகருக்கான தேசிய விருது 1984ஆம் ஆண்டுப் படங்களிலிருந்தே தொடங்கிற்று. அதற்குள் ராமசாமி நடிக்க வந்து முப்பத்தேழு ஆண்டுகள் கழிந்துவிட்டன.

அவர் ஒரே அச்சில் வார்த்த முதியவர்களைத் தந்தவரல்லர். ‘பட்டிக்காடா பட்டணமா’ (1972) படத்தில் மனைவிக்கு அஞ்சி ஒடுங்கும் கணவர். ‘ருத்ர தாண்டவம்’ (1978) படத்தில் ஏழைப் பூசாரியுடன் உரையாட இறங்கிவரும் சிவபெருமான். ‘மௌன ராகம்’ (1986) படத்தில் அலுவலக முதலாளி. ஏ. பி. நாகராஜனோடு இணைந்து படத்தயாரிப்பிலும் ஈடுபட்டார். 1957இல் வந்த ‘மக்களைப் பெற்ற மகராசி’ அவ்வகையில் குறிப்பிடத்தக்கது. கொங்கு நாட்டுப் பேச்சை அதன் நாயகன் சிவாஜி கணேசன் பேசினார். வட்டார வழக்கு நகைச்சுவைக்கு மட்டுமன்று, நாயகனுக்கும் உரியது என்று அப்படம் காட்டிற்று.

‘ஆண் பாவம்’ (1985) படத்தில் கிராமத்தில் திரையரங்கு திறக்கும் தந்தையாக வந்தபோது அவருக்கு வயது 59. முப்பத்தெட்டு ஆண்டுகள் பூசிக்கொண்ட முதுமை, அப்போதுதான் மெய்யாகவே அவரை வந்தடைந்திருந்தது. பார்த்தவர்கள் யாதொரு வேறுபாடும் காணவில்லை. அதுவே அவர் கலையின் வெற்றி. அவருடைய உழைப்பு கண்ணுக்குப் புலனாகாமற் போனதற்கும் அதுவே காரணம்.

1997இல் ரஜினிகாந்த் தாம் நடித்த ‘அருணாசலம்’ படத்தின் தயாரிப்பில், உதவும் நோக்குடன் பங்குதாரர்களாகச் சேர்த்துக்கொண்ட திரைத்துறையினருள் ராமசாமியும் ஒருவர். நன்றி மறவாத அச்செயலைப் பாராட்டும்போதே ஒரு கேள்வியும் எழுகிறது. அரை நூற்றாண்டு உழைத்த கலைஞரின் முதுமை இன்னொருவரின் நல்ல மனத்தை நம்பியிருக்கலாமா?

2002 டிசம்பர் 24ஆம் நாள் அவர் மறைந்தார். வீட்டைத் தாங்கும் தூணுக்கு யாரும் மாலையிடுவதில்லை. ஆயினும், தூண் எது என்பதைப் பிள்ளைகளுக்குக் காட்டிவைப்பது பெரியவர்கள் கடமை.