கஞ்சமலையில் பின்னோக்கி நடந்த காலம்

சேலம் உருக்காலைக்கு 1970-இல் இந்திரா காந்தி அடிக்கல் நாட்டியபோது எல்லோர் மனத்திலும் இருந்தது கஞ்சமலையின் இரும்புத்தாது. மலையடிவாரத்து மக்களுக்கோ அது என்றைக்கும் சித்தர் மலைதான். அமாவாசைதோறும் சித்தர் கோயிலில் கூட்டம் நெரியும். தோல் நோய் தீர வேண்டுமென்று உப்பும் மிளகும் காணிக்கையாகப் போடுவார்கள்.

அந்தக் கோயிலைச் சுற்றி வழங்கும் கதை இது. கற்ப மூலிகை தேடி வந்த முதிய சித்தர் மூலன், சீடனைச் சமைக்கச் சொல்லிவிட்டு மலையில் அலைகிறார். கொதிக்கும் சோற்றைச் சீடன் பக்கத்தில் கிடந்த குச்சியை எடுத்துக் கிளறுகிறான். சோறு கறுத்துப்போகிறது. குரு கோபித்துக்கொள்வாரே என்று அஞ்சி, கறுத்த சோற்றைத் தானே தின்றுவிட்டு வேறு சோறு வடிக்கிறான். திரும்பி வந்த மூலனுக்கு ஆளையே அடையாளம் தெரியவில்லை. நரைத்த சீடன் இருந்த இடத்தில் ஓர் இளைஞன் நிற்கிறான். குச்சி எங்கே என்று கேட்டால், அதை அடுப்பில் வைத்து எரித்தாயிற்று என்கிறான். சொல்பவருக்குச் சொல்பவர் கதை சற்று மாறும். எனக்கு நெஞ்சில் தைப்பது அந்த எரிந்த குச்சிதான். பெயர் தெரியாமலே கைவிட்டுப் போன மூலிகைகள் நம் மலைகளில் எத்தனை எத்தனை!

காலத்தைத் திருப்பும் இந்த ஆசையைச் சித்த மருத்துவம் கற்ப அவிழ்தம் என்று தனி இயலாகவே வளர்த்தது. நரை, திரை, மூப்பு, சாக்காடு நான்கையும் தள்ளிப்போடுவது அதன் நோக்கம். அதற்கும் முந்தைய சான்று நம் பக்கத்திலேயே இருக்கிறது. தகடூர் அதியமான் தனக்குக் கிடைத்த அரிய நெல்லிக்கனியைத் தான் உண்ணாமல் ஔவைக்கு ஈந்ததைப் புறநானூற்றின் 91-ஆம் பாட்டு சொல்கிறது. தகடூராகிய தருமபுரி 1965 வரை சேலம் மாவட்டத்தில் இருந்த ஊர். தன் ஆயுளை நீட்டியிருக்கக்கூடிய கனியை ஒரு புலவரின் கையில் வைத்தவன் எங்கள் மண்ணின் மன்னன் என்பதில் எனக்குப் பெருமை உண்டு.

நெல்லிக்கும் காயத்துக்கும் உள்ள உறவை விளங்கிக்கொள்ளக் கடல் தாண்டிப் போக வேண்டும். 1740-இல் ஆன்சன் என்ற ஆங்கிலேயத் தளபதியின் கப்பல்கள் உலகைச் சுற்றப் புறப்பட்டன. காய்கனி இல்லாத நெடும்பயணத்தில் மாலுமிகளுக்கு ஸ்கர்வி கண்டது. அவர்களில் ஒருவர் 1690-இல் அயர்லாந்தின் பாயின் போரில் காயப்பட்டவர். ஐம்பது ஆண்டுகளுக்கு முன் ஆறிய அந்தப் புண் மறுபடி வாய் பிளந்தது. கூடிய எலும்பும் பிரிந்து, முறிந்த நாளில் இருந்ததுபோல ஆயிற்று. காலம் பின்னோக்கி ஓடியதற்கு இதைவிடக் கொடிய சான்று வேண்டியதில்லை.

தழும்பைப் பிடித்துவைத்திருப்பது கொலாஜன் என்னும் புரதம். உடல் அதைக் கலைத்துக்கொண்டும் புதிதாய் நெய்துகொண்டும் இருக்கிறது. நெய்வதற்கு வைட்டமின் சி வேண்டும். அது அறவே கிடைக்காமல் போனால் கலைவது மட்டும் நடக்கும், நெய்வது நின்றுவிடும். ஆக, ஒரு காயம் ஒருமுறை ஆறிவிட்டால் தீர்ந்தது என்பதில்லை. ஆயுள் முழுதும் உடல் அதை ஆற்றிக்கொண்டே இருக்கிறது. வைட்டமின் சி-யில் ஆரஞ்சைப் பல மடங்கு மிஞ்சும் நெல்லியைக் கற்பங்களின் வரிசையில் முன்னால் வைத்த நம் முன்னோர், அன்றாடம் உண்பதையே மருந்தாகக் கண்டார்கள். கற்பத்தின் உட்பொருள் இதுதான் என்று நான் கருதுகிறேன்.

அதனால்தான் வைத்தியர் நாள் கணக்கை விடுவதில்லை. மருந்து ஒரு மண்டலம், அதற்கேற்ற பத்தியம், காலை மாலை அனுபானம். மண்டலம் நாற்பத்தெட்டு நாள் என்பது பெருவழக்கு. வர்ம ஆசான்களின் கணக்கு இன்னும் நுட்பமானது. இன்ன வர்மத்தில் அடிபட்டால் இத்தனை நாழிகைக்குள் இளக்க வேண்டும் என்று ஏடுகள் வரையறுக்கும். ஒரு நாழிகை 24 நிமிடம். அடிபட்டவரைக் கிடத்திவிட்டு ஆசான் கணக்கிடும் முதற்பொருள் கடந்துபோன பொழுது.

எலும்பு கூடும் காலத்தைக் குறைக்க எங்கள் சமவெளியில் வேலிதோறும் படர்ந்து கிடப்பது பிரண்டை. நாற்பட்டைத் தண்டின் இளங்கணுக்களாகப் பார்த்து ஒடிக்க வேண்டும். கையில் நல்லெண்ணெய் தடவாமல் நார் உரித்தால் அரிப்பு எடுக்கும். எண்ணெயில் நன்றாக வதக்கி, புளி கூட்டி அரைத்தால்தான் தொண்டையில் காறல் இராது. கை கால் முறிந்தவருக்கு அந்தத் துவையல் தவறாமல் இலையில் விழும். 1960-களில் பனாரஸ் இந்துப் பல்கலைக்கழகத்தில் உடுப்பாவும் பிரசாத்தும் இதை ஆய்வுக்கு எடுத்தார்கள். எலும்பு முறிந்த எலிகளுக்குப் பிரண்டைச் சாற்றைக் கொடுத்தபோது, கொடுக்காதவற்றைக் காட்டிலும் எலும்பு விரைந்து கூடி உறுதிப்பட்டதாகக் கண்டார்கள்.