தெரிந்துதானே வேலைக்கு வந்தாய்?

பேலூர் மடத்துக்குப் படகில் போகும்போது ஹூக்ளிக் கரையில் பழைய சணல் ஆலைகளின் புகைபோக்கிகளைப் பார்த்திருப்பீர்கள். 1855-ல் ரிஷ்ராவில் முதல் ஆலை வந்தது. பிறகு கரை நெடுக ஆலைகள். அங்கே வேலை பார்த்தவர்களில் பெரும்பாலோர் நம்மைப் போல வெளியூர்க்காரர்கள்தான். பீகார், ஒரிசா, தெலுங்கு தேசம் என்று பல ஊர்.

தறியில் ஒருவருக்குக் கை போனால் என்ன ஆகும்? முதலாளி மனம் வைத்தால் ஏதோ கொடுப்பார். கோர்ட்டுக்கும் போகலாம். ஆனால் அங்கே முதலாளி தரப்பு வக்கீல் இங்கிலாந்திலிருந்து வந்த மூன்று பதில்களைக் கையில் வைத்திருப்பார். ஆபத்து தெரிந்துதானே வேலைக்கு வந்தாய்? தப்பு செய்தது உன் சக தொழிலாளி, நான் இல்லையே? நீயும் கவனமாக இருக்கவில்லையே?

இவற்றில் முதல் இரண்டுக்கும் மூலம் ஒரு கசாப்புக்கடைப் பையன். சார்லஸ் பிரீஸ்ட்லி என்று பெயர். அதிகச் சரக்கு ஏற்றிய வண்டி உடைந்து அவன் தொடை எலும்பு முறிந்தது. முதலில் ஜூரி 100 பவுன் கொடுக்கச் சொன்னது. 1837-ல் மேல் நீதிபதிகள் அதை ரத்து செய்தார்கள். வண்டியின் நிலைமை முதலாளியைவிட வேலைக்காரனுக்குத்தான் நன்றாகத் தெரியும், பிடிக்காவிட்டால் ஏறாமல் இருந்திருக்கலாமே என்பது அவர்கள் வாதம். (ஏறமாட்டேன் என்று சொல்லியிருந்தால் மறுநாள் வேலை இருந்திருக்குமா? அதை யாரும் கேட்கவில்லை!)

நம் நாட்டில் 1923-ல் தொழிலாளர் நஷ்டஈட்டுச் சட்டம் வந்தது. 1924 ஜூலை 1 முதல் அமல். அது யார் தப்பு என்ற கேள்வியையே ஓரம் கட்டியது. வேலையால், வேலை நேரத்தில் விபத்தா? பணம் கொடு. அவ்வளவுதான். மோட்டார் விபத்து வழக்கில் "உன் தப்பு 30 சதவீதம்" என்று கழிப்பார்கள் அல்லவா, அந்தக் கழித்தல் இங்கே கிடையாது. தூக்கக் கலக்கத்தில் கை விட்டாலும் முழுத்தொகை. மூன்று விதிவிலக்குகள் மட்டும்: குடிபோதை, பாதுகாப்பு விதியை வேண்டுமென்றே மீறுவது, பாதுகாப்புத் தடுப்பை வேண்டுமென்றே கழற்றுவது. ஆள் இறந்துவிட்டால் இவையும் செல்லாது. 1995-ல் நிரந்தர முழு ஊனத்துக்கும் இதை நீட்டித்தார்கள்.

தொகைதான் குறைச்சல். மரணத்துக்கு 30 மாதச் சம்பளம் அல்லது 2,500 ரூபாய், இதில் எது குறைவோ அது! மாதம் 20 ரூபாய் வாங்கியவர் வீட்டுக்கு 600 ரூபாய். அட்டவணை வேறு: கட்டைவிரல் 25 சதவீதம், ஆள்காட்டி விரல் 10, ஒரு கண் 30. கணக்குப் படித்த எனக்கே இதைப் படிக்கும்போது வயிற்றைப் பிசைந்தது.

அந்தப் பழைய பதில்கள் சிவில் கோர்ட்டில் இன்னும் கொஞ்ச காலம் நடமாடின. 1931-ல் ராயல் தொழிலாளர் கமிஷன் அவை நியாயமற்றவை என்றது. 1938 சட்டம் சக தொழிலாளி வாதத்தை ஒழித்தது. ஆபத்தை முழுதாக விளக்கி, அவன் புரிந்துகொண்டு சம்மதித்தான் என்று முதலாளி நிரூபித்தாலொழிய "தெரிந்துதானே வந்தாய்" என்பதும் எடுபடாது என்றது.

1923 சட்டம் இப்போது 2020 சமூகப் பாதுகாப்புச் சட்டத் தொகுப்புக்குள் போய்விட்டது. 2025 நவம்பர் 21 முதல் அமல். அந்த மூன்று விதிவிலக்குகளும் அப்படியே இருக்கின்றன. வெளியூரில் குடும்பத்தோடு இருப்பவர்கள் இன்னொன்றையும் தெரிந்துகொள்ள வேண்டும். மரண நஷ்டஈட்டை அதிகாரியிடம்தான் கட்ட வேண்டும். கம்பெனிக்காரர் வீட்டுக்கு வந்து விதவையிடம் ஒரு கவரைக் கொடுத்துக் கையெழுத்து வாங்கிப் போனால், அது நஷ்டஈடு கொடுத்ததாக ஆகாது.