வெள்ளீயத்தின் மேல் மிதந்த கண்ணாடி

ஸ்ரீபெரும்புதூரில், பிரான்சைச் சேர்ந்த செயின்ட் கோபைன் நிறுவனம் 2000ஆம் ஆண்டில் தகட்டுக் கண்ணாடி உற்பத்தியைத் தொடங்கியபோது, பதினான்காம் லூயி மன்னன் காலத்தில், 1665இல், தோன்றிய ஒரு தொழில் மரபு தமிழ் மண்ணில் கால் ஊன்றியது. கண்ணாடியை உருக்கி மணி செய்யும் கலை ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அரிக்கமேட்டில் தழைத்திருந்தது. ஆயினும் தமிழர் வீடுகளுக்கு வெளிச்சம் தந்தவை முற்றமும், பிற்கால ஓட்டுக்கூரைகளில் இடையிடையே பதித்த கண்ணாடி ஓடுகளுமே.

சுவரளவுக்கு அகன்ற, அப்பால் இருப்பதை நெளியாமல் காட்டும் கண்ணாடியைச் செய்வது எங்குமே எளிதாக இருந்ததில்லை. உலையிலிருந்து மேல்நோக்கி இழுத்த தகட்டில் அலை விழுந்தது. உருளைகளுக்கிடையே செலுத்திய தகடோ, உருளை தொட்ட இடமெல்லாம் பளபளப்பை இழந்ததால், இருபுறமும் அரைத்து மெருகேற்ற வேண்டியிருந்தது.

எந்தத் திடப்பொருளும் தீண்டாத பரப்பே மெருகு குலையாது என்பதை உணர்ந்து, உருகிய வெள்ளீயத்தின் மேல் கண்ணாடிக் குழம்பை மிதக்கவிடும் எண்ணத்தை 1952இல் கொண்டவர் இங்கிலாந்தின் அலஸ்டர் பில்கிங்டன். வெள்ளீயம் கண்ணாடியைவிட மிகுந்த அடர்த்தி கொண்டது. 232 பாகை செல்சியசில் உருகுவது. ஏறத்தாழ 1,000 பாகையில் கண்ணாடிக் குழம்பு அதன்மேல் வந்து பரவும்போதும் கொதிக்காதது. காற்று பட்டால் அது ஆக்சைடாகி மாசு படியும் என்பதால், நைட்ரஜனோடு சிறிது ஹைட்ரஜன் கலந்த சூழலில் அதை மூடிவைத்தனர். இத்தனை பொருத்தம் இருந்தும், ஓராண்டுக்கும் மேலாக விற்கத் தகாத கண்ணாடியே வந்துகொண்டிருந்தது. அந்நிலையிலும் முயற்சியைக் கைவிடாத துணிவு பெரிதும் போற்றத்தக்கது. 1959 ஜனவரியில் இம்முறை உலகுக்கு அறிவிக்கப்பட்டது. தானாகப் பரவும் குழம்பு 6 மில்லிமீட்டரை ஒட்டிய தடிமனில் நின்றதும், சந்தை மிகுதியாகக் கேட்ட தடிமன் அதுவாகவே இருந்ததும் அம்முயற்சிக்கு வாய்த்த நற்பேறு.

மிதவைக் கண்ணாடி எனப்படும் இம்முறையில், மணலும் சோடா சாம்பலும் சுண்ணாம்புக்கல்லும் உருகும் உலையை இரவு பகலாகப் பல ஆண்டுகள் அணைக்காமலே எரியவிடுவர். சுமார் 600 பாகையில் வெள்ளீயத்தைவிட்டு வெளியேறும் தகடு, விரிசல் விடாதபடி நீண்ட கூடத்தில் மெல்ல ஆறவைக்கப்பட்டு, பின்னரே வெட்டப்படுகிறது. பார்வைக்கு இரு முகங்களும் ஒன்றே. இருட்டில் குறு அலைநீளப் புற ஊதா விளக்கைச் சாய்த்துப் பிடித்தால் மட்டும், வெள்ளீயத்தில் படிந்திருந்த முகம் பால்போல் மங்கலாக ஒளிர்கிறது.