நேர்முகப் பரீட்சைக்கு முன்பே முடிந்துவிடும் தெரிவு

அரச நிறுவனமொன்றின் நியமனப் பட்டியல் வெளியானதும் எம்மவர்கள் முதலில் செய்வது, அதில் எத்தனை முஸ்லிம் பெயர்கள் உள்ளன என்று எண்ணிப் பார்ப்பதுதான். நிர்வாக சேவைப் பரீட்சை முடிவு முதல் கூட்டுத்தாபன நியமனங்கள் வரை இந்த எண்ணிக்கை செய்தியாகிறது, முகநூலில் பகிரப்படுகிறது, இரண்டு நாட்களில் மறக்கப்படுகிறது. எத்தனை பேர் விண்ணப்பித்தார்கள், அவர்களில் எத்தனை பேர் நேர்முகப் பரீட்சைக்கு அழைக்கப்பட்டார்கள் என்ற இரு எண்களும் கையில் இல்லாமல், இறுதிப் பட்டியலை மட்டும் வைத்து அநீதி நடந்தது என்றோ நடக்கவில்லை என்றோ எவராலும் நிறுவ முடியாது.

திறந்த போட்டிப் பரீட்சை மூலம் ஆட்சேர்ப்பு நடைபெறும் சேவைகளில் இந்தச் சிக்கல் குறைவு. விடைத்தாளில் பெயருக்குப் பதிலாகச் சுட்டெண் இருக்கும். புள்ளி வரிசைப்படியே மேலிருந்து அழைப்பார்கள். பரீட்சையில்லாமல், விண்ணப்பத்தையும் நேர்முகத்தையும் மட்டும் வைத்து ஆட்சேர்க்கும் இடங்களில்தான் கவனம் தேவை. சபைகள், கூட்டுத்தாபனங்கள், ஒப்பந்த அடிப்படையிலான செயற்றிட்டப் பதவிகள் என்பன இந்த வகையைச் சேர்ந்தவை. அவற்றின் விளம்பரங்களில், தெரிவு செய்யப்பட்டவர்கள் மாத்திரமே நேர்முகப் பரீட்சைக்கு அழைக்கப்படுவர் என்றொரு வரியைப் பெரும்பாலும் காணலாம். குறும்பட்டியல் என்று சொல்லப்படுவது அந்த வரிக்குப் பின்னால், மூடிய அறையில் தயாராகிறது. நேர்முகத்தில் தோற்றவருக்குக் குறைந்தபட்சம் தான் தோற்றது தெரியும். குறும்பட்டியலில் விடுபட்டவருக்கு ஒரு கடிதம்கூட வருவதில்லை.

சட்டம் இவ்விடயத்தில் மௌனமாக இல்லை. அரசியலமைப்பின் 12(1) ஆம் உறுப்புரை சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்கிறது. 12(2) ஆம் உறுப்புரை இனம், மதம், மொழி, சாதி, பால், அரசியல் அபிப்பிராயம், பிறந்த இடம் போன்ற காரணங்களால் பிரஜையொருவருக்குப் பாரபட்சம் காட்டுவதைத் தடுக்கிறது. அரச சேவைக்கான பரீட்சைக்குச் சிங்களத்திலோ தமிழிலோ தோற்றும் உரிமையை 22(5) தருகிறது. ஒவ்வொரு பதவிக்கும் அங்கீகரிக்கப்பட்ட ஆட்சேர்ப்புத் திட்டம் ஒன்று இருக்க வேண்டும். அரச திணைக்களங்களில் அது அரசாங்க சேவை ஆணைக்குழுவின் கையில் உள்ளது. சபைகளிலும் கூட்டுத்தாபனங்களிலும் அதற்கு முகாமைத்துவ சேவைகள் திணைக்களத்தின் அங்கீகாரம் தேவை. வயது, கல்வித்தகைமை, அனுபவம் ஆகியவை அந்த ஆவணத்திலேயே இருக்கும்.

இன விகிதாசாரத்தைப் புகுத்தினால் எல்லாம் சரியாகிவிடும் என்பவர்கள் ஒரு பழைய அனுபவத்தை அறிந்திருப்பது நல்லது. 1990இல் வெளியான 15/90 இலக்கப் பொது நிர்வாகச் சுற்றறிக்கை இன விகிதாசாரத்தைக் கொண்டுவந்தது. சுங்கத் திணைக்களப் பதவி உயர்வு தொடர்பான ராமுபிள்ளை வழக்கில், பதவி உயர்வை அவ்வாறு பங்கிடுவது சமத்துவ உரிமையை மீறுகிறது என 1991இல் உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆகவே இன்று கேட்க வேண்டியது பங்கு அல்ல, வெளிப்படையான அளவுகோல்.

அந்த அளவுகோலில்தான் விடயமே இருக்கிறது. உதாரணத்துக்கு, ஆறு வெற்றிடங்களுக்குப் பட்டதாரிகளிடமிருந்து நானூறு விண்ணப்பங்கள் வருகின்றன என்று வைத்துக்கொள்வோம். நானூறு பேரையும் நேரில் பார்க்க முடியாது. முதல் வகுப்பு, இரண்டாம் வகுப்பு மேற்பிரிவுப் பட்டம் பெற்றவர்களை மட்டும் அழைப்போம் என்று நிறுவனம் தீர்மானித்தால் அதில் அநீதி இல்லை. அந்த வரையறை பதவிக்குப் பொருத்தமானதாகவும் எல்லோருக்கும் ஒரேமாதிரியாகவும் இருந்தால் போதும். ஆனால் தீர்மானம் எப்போது எடுக்கப்பட்டது? விண்ணப்ப உறைகளைத் திறக்கும் முன்னரா, பெயர்களைப் பார்த்த பின்னரா? பெயர்களைப் பார்த்த பின்னர் எழுதப்படும் எந்த அளவுகோலையும் வேண்டியவருக்கு ஏற்றபடி தைத்துக்கொள்ளலாம். இந்த நிறுவனத்தில் இரண்டு வருட அனுபவம் என்ற ஒரு வரி போதும், முன்பே சிபாரிசில் தற்காலிகமாக நுழைந்தவர்களைத் தவிர ஏனைய அனைவரும் வெளியேறிவிடுவார்கள்.

நல்லெண்ணத்துடன் வகுத்த அளவுகோலும் தவறிழைக்கலாம். 2020ஆம் ஆண்டின் பட்டதாரிப் பயிலுனர் ஆட்சேர்ப்பில், ஊழியர் சேமலாப நிதியில் பெயர் இருந்த பலர் ஏற்கனவே தொழில் செய்பவர்களாகக் கருதப்பட்டு முதற்பட்டியலில் விடுபட்டனர். வேலையற்ற பட்டதாரிக்கு முன்னுரிமை என்ற நோக்கம் நியாயமானது. ஆனால் பட்டம் பெற்றுவிட்டு வீட்டில் சும்மா இருக்காமல் தனியார் நிறுவனமொன்றில் சொற்பச் சம்பளத்துக்கு வேலை பார்த்தவரைத்தான் அது தண்டித்தது. பின்னர் மேன்முறையீடுகள் ஏற்கப்பட்டன.

அரசியல் சிபாரிசு பற்றியும் சொல்லாமல் இருக்க முடியாது. 1977இன் பின் வந்த தொழில் வங்கித் திட்டத்தில் வேலைக்கான படிவங்களே பாராளுமன்ற உறுப்பினர்கள் ஊடாகத்தான் கிடைத்தன. அந்தப் பழக்கத்தின் மிச்சம் இன்றுமுண்டு. எம்மவர் அமைச்சராக இருந்த காலங்களில் கடிதம் வாங்க வரிசையில் நின்றுவிட்டு, மற்றவர் அமைச்சராகும்போது மட்டும் திறமைக்கு மதிப்பில்லை என்று பேசுவதில் அர்த்தமில்லை.

நிராகரிப்புக்கெல்லாம் பாரபட்சம்தான் காரணம் என்றும் கொள்ள வேண்டாம். பிறப்புச் சான்றிதழில் முஹம்மது, அடையாள அட்டையில் மொஹமட், பட்டச் சான்றிதழில் சுருக்கி ‘எம்.’ என்று இருக்கும் பெயர்கள் எமது சமூகத்தில் சாதாரணம். மூன்றும் ஒரே ஆள்தான் என்று கோப்பைப் பார்க்கும் எழுதுவினைஞருக்கு எப்படித் தெரியும்? சத்தியக் கடதாசி ஒன்றை இணைத்தால் அந்தச் சந்தேகம் எழாது. மத்திய கிழக்கிலோ மலேசியாவிலோ பட்டம் பெற்றவர்கள் பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழுவின் அங்கீகாரக் கடிதத்தை முன்கூட்டியே பெற்று வைத்திருக்க வேண்டும். விண்ணப்ப முடிவுத் திகதிக்குப் பிறகு அதற்கு அலைவதில் பயனில்லை.

ஆவணங்கள் எல்லாம் சரியாக இருந்தும் அழைப்பு வராதவர் என்ன செய்யலாம்? இங்குதான் காலக்கெடு குறுக்கே நிற்கிறது. 126 ஆம் உறுப்புரையின்படி அடிப்படை உரிமை மனுவை உயர் நீதிமன்றத்தில் ஒரு மாதத்துக்குள் தாக்கல் செய்ய வேண்டும். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் காரணம் கேட்டால், தகவல் அலுவலர் தீர்மானிக்க 14 வேலை நாட்கள், தகவலைத் தர மேலும் 14 நாட்கள். அதாவது, தான் ஏன் நிராகரிக்கப்பட்டோம் என்பதை அறிவதற்குள் வழக்குத் தொடரும் காலம் முடிந்துவிடக்கூடும். நிராகரிக்கப்பட்ட ஒவ்வொருவருக்கும் காரணத்தை எழுத்தில் அறிவிப்பதைக் கட்டாயமாக்கினால் இந்த முரண்பாட்டின் பெரும்பகுதி தீரும். ஒரு குறுஞ்செய்தி அனுப்பும் செலவுதான் அதற்கு.

அதுவரை ஒரு வழி உண்டு. அதே ஒரு மாதத்துக்குள் இலங்கை மனித உரிமைகள் ஆணைக்குழுவிடம் முறைப்பாடு செய்தால், அங்கு விசாரணை நிலுவையிலுள்ள காலம் அந்த ஒரு மாதக் கணக்கில் சேராது என 1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டத்தின் 13ஆம் பிரிவு கூறுகிறது. முறைப்பாட்டைக் கையளித்த பற்றுச்சீட்டை மட்டும் நம்பியிருக்கக் கூடாது. விசாரணை உண்மையில் நடைபெறுகிறது என்பதற்கான கடிதங்களையும் நீதிமன்றம் எதிர்பார்க்கிறது.

தகவல் கோரிக்கையில் மற்றவர்களின் சான்றிதழ்களைக் கேட்டால் தனிப்பட்ட விபரம் என்று மறுப்பார்கள். அங்கீகரிக்கப்பட்ட ஆட்சேர்ப்புத் திட்டத்தின் பிரதி, குறும்பட்டியலுக்கான அளவுகோல், அது தீர்மானிக்கப்பட்ட கூட்டக் குறிப்பின் திகதி, விண்ணப்பித்தவர்களினதும் அழைக்கப்பட்டவர்களினதும் எண்ணிக்கை, உங்கள் சொந்த விண்ணப்பத்துக்கு வழங்கப்பட்ட மதிப்பீடு ஆகியவற்றைக் கேளுங்கள். இவற்றில் எவருடைய அந்தரங்கமும் இல்லை. கோரிக்கையைத் தமிழிலேயே எழுதலாம். கூட்டக் குறிப்பின் திகதியை விண்ணப்ப முடிவுத் திகதியுடன் ஒப்பிட்டுப் பார்த்தால், வழக்கறிஞர் ஒருவரிடம் போகலாமா வேண்டாமா என்பது பெரும்பாலும் தெரிந்துவிடும்.