நீதிபதியாக இருந்த ஆயரும் சாத்தப்பட்ட நகர வாசலும்

நீதிமன்றம் என்றதும் கறுப்பு அங்கி போட்ட சட்டத்தரணிகள்தான் நம் நினைவுக்கு வருவார்கள். ஆனால் 13ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் மன்னரின் நீதிபதிகளில் பலர் மதகுருமார். நீதிமன்றப் பதிவுகள் லத்தீனில் இருந்தன; அதை எழுத வாசிக்கத் தெரிந்தவர்கள் பெரும்பாலும் அவர்கள்தான். தேவாலய வருமானத்தையே அவர்களுக்கு ஊதியமாகக் கொடுக்கலாம் என்பது மன்னருக்கு இன்னொரு வசதி.

அவர்களில் ஒருவர்தான் வில்லியம் ராலே. மார்ட்டின் பாட்டிஷல் என்ற பெரிய நீதிபதியிடம் எழுத்தராக இருந்து தொழில் பழகியவர். 1229இல் தாமும் நீதிபதியானார். 1234இல் மூன்றாம் ஹென்றி மன்னரின் முன்னிலையில் கூடும் நீதிமன்றத்துக்கே தலைமை ஏற்றார்.

அவர் செய்த ஒரு வேலையை நாம் இலகுவாக விளங்கிக்கொள்ளலாம். ஒருவர் காணியொன்றைச் சில வருடங்களுக்குக் குத்தகைக்கு எடுக்கிறார். தவணை முடிய முன்னரே சொந்தக்காரர் காணியை விற்றுவிடுகிறார். வாங்கியவர் வந்து குத்தகைக்காரரை விரட்டுகிறார். அன்றைய சட்டத்தில் குத்தகைக்காரரின் கை பலவீனமானது. வாங்கியவர் மீதே வழக்குத் தொடுத்து, மிச்சத் தவணைக்குக் காணியைத் திரும்பப் பெற வழிசெய்யும் புதிய மனு முறையை உருவாக்கியவர் ராலே.

1236இல் மெர்ட்டனில் பெரியதொரு சபை கூடியது. திருமணத்துக்கு முன் பிறந்த பிள்ளைகளையும், பெற்றோர் பின்னர் மணந்துகொண்டால், வாரிசுகளாக ஏற்க வேண்டும் என்று ஆயர்கள் கேட்டார்கள். அது திருச்சபையின் சட்டம். நாட்டின் சட்டத்தை மாற்ற மாட்டோம் என்று பிரபுக்கள் மறுத்தார்கள். லிங்கன் ஆயர் ரொபர்ட் குரோசெடெஸ்ட் இது பற்றி ராலேக்கே நீண்ட கடிதம் எழுதினார். ராலேயும் மதகுருதான். ஆனாலும் நாட்டின் சட்டத்தின் பக்கமே நின்றார்.

1239இல் அவர் நோரிச் ஆயரானார். நீதிபதிப் பதவியை விட்டார். சோதனை அதற்கு முன்னரே தொடங்கியிருந்தது. வின்செஸ்டர் துறவிகள் தங்கள் ஆயராக ராலேயை விரும்பினார்கள். மன்னரோ அரசியின் தாய்மாமனான சவோய் வில்லியத்தை நியமிக்க நினைத்தார். அவர் இரத்தக்கறை படிந்தவர் என்று துறவிகள் மறுத்தபோது, அவர் வாளால் கொன்றவர்களை விட ராலே நாவால் கொன்றவர்கள் அதிகம் என்று மன்னர் சொன்னாராம். அக்கால வரலாற்றாசிரியர் மத்தேயு பாரிஸ் எழுதி வைத்த செய்தி இது. பல வருடம் தமக்காகத் தீர்ப்புச் சொன்னவரைப் பற்றி மன்னர் பேசிய பேச்சு!

சவோய் வில்லியம் 1239இலேயே இறந்துபோனார். மன்னரின் பிடிவாதம் மட்டும் போகவில்லை. பாப்பரசர் ராலேயை உறுதிப்படுத்திய பிறகும் வின்செஸ்டர் நகர வாசல்கள் மன்னரின் கட்டளைப்படி அவருக்குச் சாத்தப்பட்டன. அவர் பிரான்சுக்குத் தப்பிப் போனார். 1244இல்தான் சமாதானமாகித் திரும்பினார். 1250இல் பிரான்சின் தூர் நகரில் காலமானார்.

மன்னரின் கோபம் அவரோடு முடிந்தது. வழக்குப் பதிவேடுகள் முடியவில்லை. பாட்டிஷலும் ராலேயும் விட்டுச்சென்ற பதிவுகள் ராலேயின் எழுத்தராக இருந்த பிராக்டனின் கைக்கு வந்தன. அவற்றிலிருந்து ஏறத்தாழ 2,000 வழக்குகள் ஒரு தொகுப்பாயின. பிராக்டனின் பெயரில் வழங்கும் பெரும் சட்ட நூலுக்கும் அந்தத் தீர்ப்புகளே ஆதாரம். மன்னரும் கடவுளுக்கும் சட்டத்துக்கும் கீழ்ப்பட்டவரே என்று அழுத்திச் சொல்வது அந்த நூல்தான்.

பதவி தந்த மன்னரே வாசலைச் சாத்தலாம். ஒழுங்காக எழுதி வைத்த தீர்ப்பை யாராலும் சாத்த முடியாது. நம் பிள்ளைகளுக்கு வரலாறு சொல்லும்போது, போர்களோடு இப்படியான பதிவேடுகளின் கதையையும் சேர்த்துச் சொல்வோம்.